ஒரு பென்னி பத்திரிகை, இரண்டு கினி புத்தகம்: விக்டோரியா கால சோஷலிஸ்டுகளின் அச்சுச் செலவை யார் ஏற்றார்கள்?

காகிதப்பூ

வணக்கம் நண்பர்களே. எந்தப் பிரிவில் போடுவது என்று தெரியாமல் வாசிப்புப் பிரிவில் போடுகிறேன், மட்டுறுத்துநர் இடம் மாற்றினாலும் சரி.

ஆங்கிலக் கவிஞரும் சோஷலிஸ்டுமான வில்லியம் மாரிஸின் 'நியூஸ் ஃப்ரம் நோவேர்' நாவல் 1890 ஜனவரி முதல் அக்டோபர் வரை 'காமன்வீல்' வார இதழில் தொடராக வந்தது. சோஷலிஸ்ட் லீக் நடத்திய இதழ், விலை ஒரு பென்னி. கதைசொல்லி தூங்கி எழுந்தால் லண்டனே மாறிக் கிடக்கிறது. காசு என்ற ஒன்றே இல்லை. புகையிலை வேண்டுமென்று கடைக்குள் போனால், கடையில் நிற்கும் சின்னப் பிள்ளைகள் அருமையான பைப் ஒன்றையும் சேர்த்துச் சும்மா கொடுத்து அனுப்புகிறார்கள். இதுவரை சந்தோஷம். அதே மாரிஸ் கெல்ம்ஸ்காட் என்று சொந்தமாக ஓர் அச்சகம் வைத்து, 1892 என்று தேதி போட்டு, அதே கதையைக் கையால் செய்த காகிதத்தில் 300 பிரதிகள் அடிக்கிறார். விலை 2 கினி. அதாவது 42 ஷில்லிங்.

1889இல் லண்டன் கப்பல்துறைத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்து ஜெயித்து வாங்கிய கூலி மணிக்கு 6 பென்ஸ் (12 பென்ஸ் ஒரு ஷில்லிங்). அந்தக் கூலிக்காரனுக்கு 'காமன்வீல்' இதழ் பத்து நிமிட வேலை. இந்தப் புத்தகம் 84 மணி நேர வேலை. காசில்லாத உலகத்தைப் பற்றி வாசிக்க இத்தனை காசு!

மாரிஸ் நல்லவரா கெட்டவரா என்று கேட்க வரவில்லை. அந்தக் காலத்து சோஷலிஸ்டுகளின் பத்திரிகை, பிரசுரம், நாவல், பாட்டு இவற்றுக்கெல்லாம் பின்னால் இருந்த பணம் யாருடையது, அதைக் கொடுத்தவருக்கும் எழுதியவருக்கும் வாசித்தவருக்கும் நடுவில் என்ன நடந்தது என்பதுதான் என் கேள்வி. 1880களில் அங்கே இருந்த சோஷலிசப் பத்திரிகைகள் விற்ற காசில் நிற்கவில்லை. வசதியான வீட்டுப் பிள்ளைகள் கையைவிட்டுப் போட்ட பணத்தில்தான் நடந்தன. அதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை என்பது என் கட்சி. எதிர்க்கட்சிக்காரர்கள் வரலாம்.

சீர்காழி ரவி

வந்துவிட்டேன். வெட்கப்பட நிறையவே இருக்கிறது.

ஹிண்ட்மனை எடுத்துக்கொள்ளுங்கள். கேம்பிரிட்ஜ் படிப்பு, சசெக்ஸ் அணிக்காக கிரிக்கெட் ஆடிய ஆள். 1881இல் ஜனநாயக சம்மேளனத்தைத் தொடங்குகிறார், 1884இல் அது சமூக ஜனநாயக சம்மேளனம் ஆகிறது. தொடக்கக் கூட்டத்தில் அவர் கொடுத்த 'இங்கிலாந்து ஃபார் ஆல்' நூலில் இரண்டு அத்தியாயம் மார்க்ஸின் 'மூலதன'த்திலிருந்து எடுத்தது, ஆனால் மார்க்ஸ் பெயர் இல்லை, முன்னுரையில் 'ஒரு பெரிய சிந்தனையாளர்' என்ற ரீதியில் ஒரு கும்பிடு போட்டதோடு சரி. மார்க்ஸ் அப்போது லண்டனில் உயிரோடு இருக்கிறார்! உறவு முறிந்துபோனது. அப்புறம் இதே மனிதர் ஃபிராக் கோட்டும் உயரத் தொப்பியுமாகத் தெருவில் நின்று தன் சம்மேளனத்தின் 'ஜஸ்டிஸ்' பத்திரிகையை விற்றாராம். இதற்குப் பெயர் வேடம் கட்டுவது.

மாரிஸ் அவரைவிட நல்ல மனிதர், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பழைய ஆங்கிலக் கவிஞர் சாசரின் படைப்புகளைத் தொகுத்த கெல்ம்ஸ்காட் 'சாசர்' 1896இல் வந்தபோது விலை 20 பவுன். தோல் தாளில் அடித்தது 120 கினி. வாங்கியது யார், வால்சால் இரும்புத் தொழிலாளியா?

ஈயஎழுத்து

தம்பி காகிதப்பூ, நடுவில் ஒரு படியை விட்டுவிட்டீர்கள். 1891இல் ரீவ்ஸ் அண்ட் டர்னர் என்ற கடைக்காரர்கள் இந்த நாவலைக் காகித அட்டையில் 1 ஷில்லிங் விலைக்குப் போட்டார்கள். உங்கள் கப்பல்துறைக் கணக்கில் இரண்டு மணி நேர வேலை. ஆக முதலில் பென்னி, அடுத்து ஷில்லிங், கடைசியில்தான் கினி. ஏழைக்குக் கிடைக்காமல் பூட்டி வைத்துவிட்டுப் பணக்காரனுக்கு மட்டும் அச்சடித்திருந்தால் திட்டலாம். இங்கே ஏழைக்குத்தான் முதல் பந்தி.

நான் அச்சாபீஸில் வாழ்க்கையைக் கழித்தவன், கையால் எழுத்துக் கோத்தவன், அதனால் விலையை மட்டும் பார்க்க முடியாது. கெல்ம்ஸ்காட்டில் இயந்திர அச்சு கிடையாது, ஆல்பியன் கைப்பிரஸ்தான். எழுத்துருவை மாரிஸே வரைந்தார். காகிதம் கென்ட்டில் பேட்ச்சலர் என்பவரின் ஆலையில் கந்தலிலிருந்து செய்தது. மை ஜெர்மனியில் ஹனோவரிலிருந்து வந்தது. கைப்பிரஸில் ஒரு தாளுக்கு இரண்டு ஆள், ஒருவர் மை தடவ, ஒருவர் இழுக்க. வேலையாட்கள் தொழிற்சங்கத்துக்காரர்கள், கூலியில் குறைக்கிற பேச்சே இல்லை. இந்த முறையில் புத்தகம் மலிவாக வர வழியே கிடையாது. மாரிஸுக்கும் அது நன்றாகத் தெரியும், தெரிந்தேதான் செய்தார்.

இன்னொன்று. 'காமன்வீல்' இதழுக்கு எழுத்துக் கோத்து அடித்த தலைமை ஆள் தாமஸ் பின்னிங், லீக்கின் உறுப்பினர், உறுதியான சங்கத்துக்காரர். இதழ் வேறு எங்கோ அச்சாகவில்லை, ஃபேரிங்டன் சாலையில் லீக்கின் சொந்த இடத்திலேயே அச்சானது. அதே பின்னிங் பிற்பாடு கெல்ம்ஸ்காட்டில் கம்போசிட்டர். பென்னி பத்திரிகையையும் கினி புத்தகத்தையும் தொட்டது ஒரே கை. உங்கள் விவாதத்தில் எழுதியவர், வாங்கியவர் எல்லாரும் வருகிறார்கள், கோத்தவன் மட்டும் வர மாட்டேன் என்கிறான்.

சீர்காழி ரவி

ஐயா, கோத்தவருக்கு நல்ல கூலி கிடைத்தது நல்ல விஷயம். ஆனால் நல்ல கூலி கொடுக்கும் நகைக்கடைக்காரரை சோஷலிஸ்ட் என்று யாரும் சொல்வதில்லையே?

காகிதப்பூ

ஹாஹா. ஈயஎழுத்து ஐயா, பின்னிங் பற்றிச் சொன்னதற்கு நன்றி, ஷில்லிங் பதிப்பையும் சேர்த்துக்கொள்கிறேன்.

பணக்கணக்கைக் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். 'ஜஸ்டிஸ்' 1884 ஜனவரியில் தொடங்க முதல் பணம் எழுத்தாளர் எட்வர்ட் கார்ப்பென்டர் கொடுத்த 300 பவுன், பரம்பரைச் சொத்தில் வந்தது. அது கரைந்ததும் நஷ்டத்தைப் பெரும்பாலும் மாரிஸ் கட்டினார். அந்த 1884ஆம் வருடக் கடைசியிலேயே ஹிண்ட்மனோடு ஒத்துப்போகாமல் மாரிஸ், மார்க்ஸின் மகள் எலினார் மார்க்ஸ், அவர் துணைவர் ஏவ்லிங், பெல்ஃபோர்ட் பாக்ஸ் எல்லாரும் வெளியேறி சோஷலிஸ்ட் லீக் ஆரம்பித்தார்கள். 1885 பிப்ரவரியில் 'காமன்வீல்' மாத இதழாக வந்து, 1886 மே 1 முதல் வார இதழானது. விற்பனை சில ஆயிரத்தைத் தாண்டவில்லை. வாரா வாரம் துண்டு விழுந்தது, வாரா வாரம் மாரிஸ் நிரப்பினார். கட்சிச் செலவுக்காகத் தன் அரிய புத்தகச் சேகரிப்பில் பெரும்பகுதியை விற்றவர் அவர். பழம்புத்தகப் பைத்தியம் பிடித்த ஒரு மனிதர் அதைச் செய்தார் என்பதை நினைத்துப் பாருங்கள்.

இப்போது முக்கியமான இடம். 1890 மே மாத மாநாட்டில் லீக்கில் பெரும்பான்மை பிடித்த அனார்க்கிஸ்டுகள் (அரசு என்ற ஒன்றே வேண்டாம் என்பவர்கள்) மாரிஸை ஆசிரியர் பதவியிலிருந்து நீக்கிவிட்டார்கள். 'நியூஸ் ஃப்ரம் நோவேர்' பாதி வந்திருக்கிறது. மாரிஸ் தொடரை நிறுத்தவில்லை! தன்னை வெளியே தள்ளிய பத்திரிகைக்கு வாரம் தவறாமல் எழுதிக் கொடுத்து, அக்டோபரில் முடித்துவிட்டு, நவம்பரில்தான் லீக்கின் ஹாமர்ஸ்மித் கிளையோடு விலகினார். காசு கொடுத்தவர் அதிகாரம் பண்ணினார் என்று ரவி சொல்ல வந்தால் இந்த உதாரணம் அவருக்குக் கைகொடுக்காது.

தெருவிளக்கு

இதற்கு ஒரு பின்கதை இருக்கிறது, போலீஸ் ஆவணங்கள் பக்கம் கொஞ்சம் மேய்ந்தவன் என்பதால் சொல்கிறேன்.

1892இல் வால்சால் ஊரில் வெடிகுண்டு செய்ததாக அனார்க்கிஸ்டுகள் சிலரைப் பிடித்து மூன்று பேருக்குப் பத்து வருடம், ஒருவருக்கு ஐந்து வருடம் கொடுத்தார்கள். கூலோன் என்ற உளவாளி உள்ளே புகுந்து தூண்டிவிட்ட வழக்கு. அப்போது 'காமன்வீல்' ஆசிரியர் டேவிட் நிக்கல், மாரிஸ் நீக்கப்பட்டபோது பொறுப்புக்கு வந்தவர்களில் ஒருவர். தீர்ப்புச் சொன்ன நீதிபதியும் வழக்கை நடத்திய இன்ஸ்பெக்டர் மெல்வில்லும் உயிரோடிருக்கத் தகுந்தவர்களா என்று கேட்டு எழுதினார். பதினெட்டு மாதம் சிறை. பத்திரிகை வெளியிடுபவர் என்ற முறையில் மோப்ரே என்பவரையும் பிடித்தார்கள். மோப்ரேயின் மனைவி அப்போதுதான் இறந்திருக்கிறார், வீட்டில் சவம், சின்னக் குழந்தைகள். இறுதிச் சடங்குக்குப் போக ஜாமீன் வேண்டும். 500 பவுனுக்குப் பொறுப்பேற்று வந்து நின்றவர் யார் தெரியுமா? மாரிஸ். தன்னைத் தூக்கியெறிந்த கோஷ்டியின் ஆளுக்கு. மோப்ரே அப்புறம் விடுதலையானார்.

பத்திரிகைக்காரர்கள் மீதான வழக்கு என்றால் இது முதல் தடவையும் இல்லை. 1881இல் ரஷ்யச் சக்கரவர்த்தி இரண்டாம் அலெக்சாண்டர் கொல்லப்பட்டதைக் கொண்டாடி லண்டனிலிருந்து வந்த 'ஃப்ரைஹைட்' என்ற ஜெர்மன் பத்திரிகையில் யோஹான் மோஸ்ட் எழுதினார். பதினாறு மாதம் கடுங்காவல். 'இங்கிலாந்தில் பத்திரிகைச் சுதந்திரம் தண்ணீர் பட்ட பாடு' என்று நம் பக்கத்தில் அப்போது சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு இதெல்லாம் தெரிந்திருந்ததா என்று தெரியவில்லை.

வெண்மதி சே

அரசியல் வழக்குகளோடு 'ஆபாச' வழக்குகளையும் சேர்த்துப் பார்க்க வேண்டும், இரண்டும் ஒரே அச்சகங்களைத்தான் சுற்றி வந்தன.

1877இல் நாத்திகப் பிரச்சாரகர்களான சார்ல்ஸ் பிராட்லாவும் அன்னி பெசன்ட்டும் கருத்தடை பற்றிய நோல்ட்டனின் பழைய சிறுநூலை 6 பென்ஸுக்கு மறுபதிப்பு போட்டார்கள். முன்னால் அதை வெளியிட்டு வந்த வாட்ஸ், வழக்கு வந்ததும் குற்றத்தை ஒப்புக்கொண்டுவிட்டார். இவர்கள் அதற்காகவே சுதந்திரச் சிந்தனைப் பதிப்பகம் என்று புதிதாக ஒரு கம்பெனி தொடங்கி, முடிந்தால் பிடியுங்கள் என்று போலீஸுக்கே தகவல் சொல்லி விற்றார்கள். மூன்று மாதத்தில் 1,25,000 பிரதிகள்! தீர்ப்பு ஆறு மாதச் சிறை, மேல்முறையீட்டில் குற்றப்பத்திரிகையில் இருந்த ஒரு நடைமுறைக் கோளாறால் தப்பித்தார்கள். ஆனால் பெசன்ட்டிடமிருந்து மகளைப் பிரித்துத் தகப்பனிடம் கொடுத்துவிட்டது நீதிமன்றம். கார்ப்பென்டரின் 300 பவுனையும் மாரிஸின் நஷ்டத்தையும் பேசுகிறோமே, இது எந்தக் கணக்கில் வரும்?

பெசன்ட் 1885இல் படிப்படியான மாற்றம் பேசிய சோஷலிஸ்டுகளின் ஃபேபியன் சங்கத்தில் சேர்ந்தார். 1888இல் பத்திரிகையாளர் ஸ்டெட்டோடு சேர்ந்து 'தி லிங்க்' என்று அரை பென்னி வாரப் பத்திரிகை நடத்தினார். அதில் ஜூன் 23 அன்று பிரையன்ட் அண்ட் மே தீப்பெட்டித் தொழிற்சாலையில் பெண்கள் படும் பாட்டைப் பற்றி எழுதினார், அபராதம், கூலிப் பிடித்தம், பங்குதாரர்களுக்குப் போகும் லாபம் எல்லாம் புள்ளி விவரத்தோடு. எழுதியது பொய் என்று எழுதிக் கையெழுத்துப் போடச் சொல்லி நிர்வாகம் பெண்களை நெருக்கியது, அவர்கள் மறுத்தார்கள், ஜூலையில் 1,400 பேர் வேலையை விட்டு வெளியே வந்தார்கள். பெசன்ட் வேலைநிறுத்தம் நடத்தினார் என்று பாடப்புத்தகத்தனமாகச் சொல்வார்கள். இல்லை, நடத்தியது அந்தப் பெண்கள். பத்திரிகை அவர்களுக்குக் கூட நின்றது.

நம்ம ஊர்க் கதையும் இதில் இருக்கிறது. பிராட்லாவின் இயக்கத்தோடு தொடர்பிலிருந்த சென்னை லௌகிக சங்கத்தார் 1882 முதல் 1888 வரை தமிழில் 'தத்துவவிவேசினி'யும் ஆங்கிலத்தில் 'தி திங்கர்' இதழும் நடத்தினார்கள். லண்டனில் பெசன்ட் எழுதிக்கொண்டிருந்த அதே வருடங்கள். அப்புறம் 1893இல் அவரே தூத்துக்குடியில் வந்து இறங்கினார், ஆனால் அதற்குள் தியாசபிக்காரராகிவிட்டிருந்தார், நாத்திகத் தமிழர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று அடிக்கடி யோசிப்பேன் 😀 1916இல் அவருடைய 'நியூ இந்தியா' பத்திரிகையிடம் சென்னை அரசு 2,000 ரூபாய் பிணைப்பணம் கேட்டு, அதைப் பறிமுதல் செய்து, அடுத்து 10,000 கேட்டபோது அவருக்கு இது பழகிய ஆட்டம்தான்.

வாசகன்87

அருமையான இழை. பின்தொடர்கிறேன்.

யாழ் வாசகி

கார்ப்பென்டரின் பெயர் வந்ததால் எங்கட பக்கத்து விஷயம் ஒன்றையும் சொல்லவேணும். அவர் கேம்பிரிட்ஜில் இருந்த காலத்துச் சிநேகிதர் பொன்னம்பலம் அருணாசலம், பிற்பாடு இலங்கை அரசியலில் பெரிய பெயர். 1890இல் அவரைப் பார்க்கவென்றே கார்ப்பென்டர் இலங்கைக்கு வந்தார். அருணாசலம் தன் குருவான ராமசாமி என்ற தமிழ்த் துறவியிடம் அவரைக் கூட்டிப் போனார், அங்கே பல வாரம் பாடம் கேட்டார். 1892இல் வந்த 'ஃப்ரம் ஆடம்ஸ் பீக் டு எலிஃபன்டா'வில் இது விரிவாக இருக்கிறது. 'ஜஸ்டிஸ்' பத்திரிகைக்கு முதல் காசு போட்ட ஆள் எட்டு வருடத்துக்குள் சைவ சித்தாந்தமும் வேதாந்தமும் படித்து எழுதுகிறார். இதைப் போட்டது ஸ்வான் சோனன்ஷைன் பதிப்பகம், 1887இல் 'மூலதன'த்தின் ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்ட அதே ஆட்கள்.

பதிப்பகம் பற்றிப் பேசுவதால் இதையும் சொல்கிறேன். 1895இல் ஆண்-ஆண் உறவுக்காக எழுத்தாளர் ஆஸ்கார் வைல்ட் மீது வழக்கு வந்ததும் லண்டன் பதிப்பாளர்களுக்குக் குலை நடுங்கிவிட்டது. கார்ப்பென்டர் காதல், திருமணம் பற்றி எழுதிய கட்டுரைகளை வெளியிட ஒப்புக்கொண்டிருந்த ஃபிஷர் அன்வின் பின்வாங்கினார். முந்தைய வருடம் ஆண்-ஆண் காதல் பற்றிய சிறுநூலைத் தனிச் சுற்றுக்கு அச்சடித்தது மான்செஸ்டரில் இருந்த லேபர் பிரஸ் என்ற தொழிலாளர் அச்சகம். 1896இல் 'லவ்ஸ் கமிங் ஆஃப் ஏஜ்' நூலையும் அவர்களே போட்டார்கள். பெரிய பதிப்பகங்கள் கைவிட்ட இடத்தில் சின்ன அச்சகம் நின்றது. காகிதப்பூ கேட்ட 'பணம் யாருடையது' என்பதை விட 'பயம் யாருக்கு இல்லை' என்பது எனக்குப் பெரிய கேள்வியாகப் படுகிறது.

ஈயஎழுத்து

யாழ் வாசகி அம்மா சொன்னது சரி. இதையே அச்சுக்காரன் பக்கத்திலிருந்து சொல்கிறேன். சின்ன அச்சகங்களிடம் இருந்த ஒரு தந்திரம், பத்திரிகைக்குக் கோத்த எழுத்தைக் கலைப்பதற்கு முன் அதையே புத்தகமாக்கிவிடுவது.

பெர்னார்ட் ஷாவின் நாவல்களைப் பதிப்பாளர்கள் ஒருவர் விடாமல் திருப்பி அனுப்பினார்கள். பணம் கொடுக்காத, பக்கம் நிரப்ப ஏதாவது கிடைக்காதா என்று தவித்த சோஷலிசப் பத்திரிகைகள்தான் அவற்றை எடுத்துக்கொண்டன. 'டுடே' மாத இதழில் 1884இல் 'அன் அன்சோஷல் சோஷலிஸ்ட்', அடுத்து 'கேஷல் பைரன்ஸ் புரொஃபெஷன்'. பெசன்ட்டின் 'அவர் கார்னர்' இதழில் இன்னும் இரண்டு. 'டுடே'யை அச்சடித்த சாம்பியன் என்பவர் ராணுவ அதிகாரி வேலையை விட்டுவிட்டு மாடர்ன் பிரஸ் நடத்தியவர், குத்துச்சண்டைக் கதையான 'கேஷல் பைரன்' அவருக்கு ரொம்பப் பிடித்துப்போனது. இதழின் பக்கங்களை அப்படியே ஸ்டீரியோ வார்த்து, 1886இல் 1 ஷில்லிங் புத்தகமாகப் போட்டார்.

ஸ்டீரியோ என்றால் தெரியாதவர்களுக்கு: கோத்த பக்கத்தின் மேல் ஈரக் காகிதக் கூழை அழுத்தி அச்சு எடுத்து, அதில் ஈயக் கலவையை ஊற்றினால் முழுப் பக்கமும் ஒரே தகடாக வந்துவிடும். எழுத்தைக் கலைத்து அடுத்த வேலைக்கு எடுத்துக்கொள்ளலாம், தகட்டை வைத்து எப்போது வேண்டுமானாலும் அடிக்கலாம். பத்திரிகைப் பக்க அளவு புத்தகத்துக்குப் பொருந்தாது, ஓரமெல்லாம் கோணல்மாணலாக இருக்கும். ஆனால் கோர்ப்புக் கூலி மிச்சம், அது சின்ன அச்சகத்துக்கு உயிர். ஷா பின்னால் நாடகப் புத்தகங்களில் ஓரம், இடைவெளி, எழுத்துரு என்று அச்சகத்தாரை ஆட்டிப்படைத்தார், மாரிஸிடம் கற்றது. இந்தக் கோணல் புத்தகத்தைப் பார்த்த கடுப்பும் கொஞ்சம் இருந்திருக்கும்!

மூன்றாம் பெஞ்ச்

எல்லாரும் பத்திரிகை பற்றியே பேசுகிறீர்கள், இலக்கியம் எங்கே?

மார்கரெட் ஹார்க்னஸ். 'ஜான் லா' என்ற ஆண் பெயரில் எழுதியவர். 1887இல் 'எ சிட்டி கேர்ள்', 1888இல் 'அவுட் ஆஃப் வொர்க்', 1889இல் 'கேப்டன் லோப்'. முதல் நாவலை எங்கல்ஸுக்கு அனுப்பினார். 1888 ஏப்ரலில் எங்கல்ஸ் எழுதிய பதில்தான் 'வகைமாதிரியான சூழலில் வகைமாதிரியான பாத்திரங்கள்', 'பால்சாக்கிடமிருந்து நான் கற்றது' என்று நம் முற்போக்கு விமர்சனத்தில் ஐம்பது வருடமாகச் சுற்றிக்கொண்டிருக்கும் கடிதம். மேடையில் அதை மேற்கோள் காட்டாத தோழர் இல்லை. அந்த நாவலைப் படித்த ஒருவரை நான் இன்னும் சந்திக்கவில்லை. கடிதம் பிழைத்தது, கடிதத்துக்குக் காரணமான பெண் காணாமல் போனார்.

படித்துப் பாருங்கள், சின்ன நாவல்தான். கிழக்கு லண்டனில் தையல் வேலை பார்க்கும் நெல்லி, அவளைக் கைவிடும் நடுத்தர வர்க்க 'முற்போக்கு' ஆள், தரும சிந்தனையோடு கட்டிய தொழிலாளர் குடியிருப்பு. எங்கல்ஸின் குறை என்னவென்றால் தொழிலாளி வர்க்கம் இதில் செயலற்றுக் கிடக்கிறது, தனக்குத் தானே உதவிக்கொள்ள முயலவில்லை என்பது. எனக்கு இதில் உடன்பாடு இல்லை. கைக்குழந்தையோடு கைவிடப்பட்ட ஒரு தையல்காரி 1887இல் கொடி பிடித்திருக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பது எழுத்தாளருக்கு வீட்டுப்பாடம் கொடுப்பது. இத்தனைக்கும் கிழக்கு லண்டனைப் போலச் செயலற்றுக் கிடக்கும் தொழிலாளிகள் நாகரிக உலகில் வேறெங்கும் இல்லை என்ற ரீதியில் எங்கல்ஸே அந்தக் கடிதத்தின் கடைசியில் ஒரு விதிவிலக்கும் கொடுக்கிறார். மேற்கோள் காட்டுபவர்கள் அந்தப் பகுதியை வசதியாக விட்டுவிடுவார்கள். மூன்று மாதம் கழித்துத் தீப்பெட்டிப் பெண்கள் வெளியே வந்தது தனிக்கதை.

நாவலை வெளியிட்டவர் விஸெட்டெலி. எலினார் மார்க்ஸ் மொழிபெயர்த்த 'மேடம் பொவாரி'யையும் 1886இல் போட்டவர் அவர்தான். ஸோலா நாவல்களின் ஆங்கிலப் பதிப்புக்காக 1888இல் அபராதம், 1889இல் கிழவனை மூன்று மாதம் உள்ளே போட்டார்கள். வெண்மதி சொன்ன பட்டியலில் இவரையும் சேருங்கள்.

சீர்காழி ரவி

இலக்கியம் நல்லது. நான் பழைய இடத்துக்கே வருகிறேன். சில ஆயிரம் பிரதி விற்ற 'காமன்வீல்' பற்றி இவ்வளவு பேசுகிறோம். தொழிலாளி உண்மையிலேயே வாங்கிப் படித்தது எது? ராபர்ட் பிளாட்ச்ஃபோர்ட்!

பழைய பட்டாளத்துக்காரர், பத்திரிகையில் நல்ல சம்பளத்தில் இருந்தவர், சோஷலிசம் எழுதியதால் வேலை போய், 1891 டிசம்பரில் மான்செஸ்டரில் 'கிளாரியன்' தொடங்கினார். அதில் ஜான் ஸ்மித் என்ற கற்பனைத் தொழிலாளிக்குக் கடிதம் எழுதுவது போலத் தொடர் எழுதினார், அதுதான் 'மெரி இங்கிலாந்து'. 1893இல் ஷில்லிங் புத்தகம். 1894இல் அதையே, கிட்டத்தட்ட 200 பக்கம், ஒரு பென்னிக்குக் கொடுத்தார். லட்சக்கணக்கில் போனது. சைக்கிள் கிளப், பாட்டுக் குழு, ஊர் ஊராகப் போகும் வண்டி என்று ஒரு கூட்டமே உருவானது. மாரிஸைப் படித்து சோஷலிஸ்ட் ஆனவர்கள் பேராசிரியர்கள் ஆனார்கள், பிளாட்ச்ஃபோர்டைப் படித்தவர்கள் ஓட்டுப் போட்டார்கள். எளிமையாக, சிரிக்கச் சிரிக்க எழுதத் தெரிந்தால் பென்னிக்கு விற்கலாம். தெரியாதவர்கள்தான் பணக்காரர் கையை எதிர்பார்த்து நின்றார்கள்.

தெருவிளக்கு

ரவி, 1899ஐ மறந்துவிட்டீர்கள். தென்னாப்பிரிக்காவில் போயர் யுத்தம் வந்ததும் அதே பிளாட்ச்ஃபோர்ட் ஏகாதிபத்தியப் படைக்குக் கொடி பிடித்தார். லட்சம் வாசகர்கள் சேர்ந்ததும் அவர்களைத் தேசபக்தியை நோக்கி நடத்திப் போனார். 'காமன்வீல்' இரண்டாயிரம் பேருக்குத்தான் போனது, ஆனால் அதில் இந்தியா, அயர்லாந்து, சூடான் பற்றி என்ன எழுதினார்கள் என்று பாருங்கள். 1885லேயே சூடான் போருக்கு எதிராக லீக் அறிக்கை போட்டது. அடிமை நாட்டிலிருந்து வந்த நமக்கு எது முக்கியம்?

சீர்காழி ரவி

போயர் யுத்தத்தில் அவர் செய்தது கேவலம்தான், அதில் பேச்சில்லை. ஆனால் 1894இல் பென்னி கொடுத்து வாங்கியவன் 1899க்குப் பொறுப்பில்லை. அவன் படித்தது ரொட்டி, வீடு, வேலை நேரம் பற்றி. நிறைய பேர் யுத்தத்தின்போது பத்திரிகையை விட்டுப் போனார்கள், படித்த சோஷலிசத்தை விட்டுப் போகவில்லை.

வெண்மதி சே

இதில் நான் ரவி பக்கம்.

மூன்றாம் பெஞ்ச்

பாட்டை யாரும் தொடவில்லையே! வாசிக்கத் தெரியாதவனுக்கும் போனது அதுதான். 1887 நவம்பர் 13 டிரஃபால்கர் சதுக்கத் தடியடிக்குப் பிறகு, ஆல்ஃபிரட் லின்னெல் என்ற சாதாரண எழுத்தர் போலீஸ் குதிரை மிதித்து இறந்தார். அவர் சவ ஊர்வலத்துக்கு மாரிஸ் பாட்டெழுதி, வால்டர் கிரேன் அட்டைக்குப் படம் வரைந்து, ஒரு பென்னிக்கு விற்று, காசை லின்னெலின் பிள்ளைகளுக்குக் கொடுத்தார்கள். ஜிம் கோனல் 'செங்கொடி' பாட்டை 1889 டிசம்பரில் ரயிலில் போகும்போது எழுதினார், உடனே 'ஜஸ்டிஸ்' அச்சடித்தது. லேபர் கட்சி அதை இன்னும் பாடுகிறது, ஹிண்ட்மனின் தலையங்கம் ஒன்றுகூட யாருக்கும் நினைவில்லை.

தெருவிளக்கு

பணக்கார வீட்டுப் பிள்ளைகள் என்று முதல் பதிவில் இருந்ததே, அதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது: 'தி டார்ச்'. கவிஞர் ரோசெட்டியின் தம்பி வில்லியம் மைக்கேல் ரோசெட்டியின் பிள்ளைகள் ஒலிவியா, ஆர்தர், ஹெலன், மூத்தவளுக்குப் பதினாறு வயதுகூட இருக்காது, ரஷ்ய அனார்க்கிஸ்ட் க்ரோபோட்கினின் பிரசுரத்தைப் படித்துவிட்டு 1891இல் வீட்டின் கீழ்த்தளத்தில் அனார்க்கிஸ்ட் பத்திரிகை தொடங்கினார்கள். அப்பா அரசாங்க வரித்துறை உயரதிகாரி! மேல்மாடியில் வரி, கீழே புரட்சி. அம்மா 1894இல் இறந்த பிறகு அச்சு இயந்திரம் வீட்டை விட்டுப் போனது. இரண்டு பெண்களும் 1903இல் 'இசபெல் மெரிடித்' என்ற பெயரில் இதை நாவலாக எழுதினார்கள். கான்ராடின் 'தி சீக்ரெட் ஏஜென்ட்'டில் அந்த மங்கலான கடை ஜன்னலில் கிடக்கும் பழைய பத்திரிகைகளில் 'தி டார்ச்' பெயரும் வரும்.

காகிதப்பூ

ரவியின் பிளாட்ச்ஃபோர்ட் வாதத்துக்கு என் பதில் இது. அவர் 1894இல் விதைக்கும்போது நிலம் உழுது கிடந்தது. பத்து வருடம் நஷ்டத்தில் ஓடிய பத்திரிகைகள், ஃபேபியன்களின் பென்னிப் பிரசுரங்கள், தெருமுனைக் கூட்டங்கள் எல்லாம் அதற்கு முன்னால் நடந்தவை. ஃபேபியன் கட்டுரைத் தொகுப்பு 1889 டிசம்பரில் 6 ஷில்லிங் விலையில் ஆயிரம் பிரதி போட்டு ஒரு மாதத்தில் தீர்ந்தது, அப்புறம் ஷில்லிங் பதிப்பு வந்தது. அங்கேயே சந்தை இருப்பது தெரிந்துவிட்டது. பத்திரிகை முத்திரை வரி 1855இலும் காகித வரி 1861இலும் ஒழிந்து, 1870 கல்விச் சட்டத்தில் பள்ளிக்குப் போன தலைமுறை தொண்ணூறுகளில் முப்பது வயதை நெருங்கியது. இதையெல்லாம் விட்டுவிட்டு எளிமையாக எழுதினார், விற்றது என்றால் பாதிதான் சரி.

பணக்காரர் கையை எதிர்பார்க்காமல் நிற்க ஒரு முயற்சியும் நடந்தது. 1892இல் சமூக ஜனநாயக சம்மேளனத்தார் டுவென்டியத் செஞ்சுரி பிரஸ் என்று சொந்த அச்சகம் தொடங்கி, அடுத்த வருடம் கிளார்க்கன்வெல் கிரீன் 37ஏ எண் கட்டடத்துக்குப் போனார்கள். அதற்கும் மாரிஸ் உதவினார் (ரவி சிரிப்பது கேட்கிறது). 1902-03இல் லெனின் லண்டனில் இருந்தபோது அவருடைய 'இஸ்க்ரா' பத்திரிகை அங்கேதான் அச்சானது, அச்சகத்தை நிர்வகித்த ஹாரி க்வெல்ச் தன் அறையில் இடம் ஒதுக்கிக் கொடுத்தார். இன்று அது மார்க்ஸ் நினைவு நூலகம்.

சீர்காழி ரவி

சிரித்தேன், உண்மை. உழுத கதையை முக்கால்வாசி ஏற்கிறேன். கெல்ம்ஸ்காட் 2 கினியை இன்னும் ஏற்கவில்லை.

ஈயஎழுத்து

ஏற்க வேண்டாம். ஒருமுறை அந்தப் பக்கத்தை நேரில் பாருங்கள், அப்புறமும் ஏற்க வேண்டாம்.

வாசகன்87

இவ்வளவும் படித்துவிட்டேன். எங்கிருந்து தொடங்குவது? எல்லாம் பழைய ஆங்கிலமாக இருக்குமோ?

காகிதப்பூ

மாரிஸ் கொஞ்சம் பழைய பாணிதான், ஆனால் 'யூஸ்ஃபுல் வொர்க் வெர்சஸ் யூஸ்லெஸ் டாயில்' சிறு பிரசுரம், 1885இல் பென்னிக்கு விற்றது, ஒரு மாலையில் முடித்துவிடலாம். அடுத்து 'மெரி இங்கிலாந்து', படு எளிய நடை. நாவல் என்றால் ஹார்க்னஸ். மாரிஸின் 'காமன்வீல்' எழுத்துகள் மார்க்சிஸ்ட் இணைய ஆவணத் தளத்தில் இலவசமாகவே இருக்கின்றன. மூன்றாம் பெஞ்ச், 'எ சிட்டி கேர்ள்' பற்றித் தனி இழை தொடங்குங்கள், எங்கல்ஸ் சண்டையை அங்கே வைத்துக்கொள்ளலாம்.

மூன்றாம் பெஞ்ச்

ஞாயிற்றுக்கிழமை தொடங்குகிறேன். படிக்காமல் வருபவர்களுக்கு அனுமதி இல்லை.